நிலவனின் வலது கன்னம்

வியாசர்பாடி நிலவனுக்குத் தன் இடது கன்னத்தைப் பற்றி ஒரு குறையும் கிடையாது. அது அவன் அம்மா பெற்றுப் போட்ட நிறத்திலேயே இருந்தது. குறையெல்லாம் வலது கன்னத்தின் மேல்தான். கண்ணுக்குக் கீழே காசளவு கறுப்பாகத் தொடங்கியது, இரண்டு வருஷத்தில் காது மடலைத் தொட்டு, தாடைக்கு இறங்கி, கழுத்தையும் எட்டிப் பார்த்தது. ஒரே முகத்துக்கு எதற்கு இரண்டு நிறம் என்று அவனுக்குப் புரியவில்லை. மற்றவர்களுக்கும் புரியவில்லைதான். ஆனால் புரியாதவர்கள் சும்மா இருப்பார்களா? ஆளுக்கொரு காரணம் சொன்னார்கள்.

கறுப்பாக இருப்பதில் அவனுக்கு எந்த வெட்கமும் இல்லை என்பதை முதலிலேயே சொல்லிவிட வேண்டும். அவன் வீட்டில் அப்பா, அம்மா, அக்கா எல்லாருமே நல்ல கறுப்பு. சிவப்பழகு விளம்பரம் டிவியில் வந்தால் அவன் அப்பா சேனலை மாற்றிவிட்டுத்தான் மறுவேலை பார்ப்பார். நிலவன் வெள்ளையாக ஆசைப்படவில்லை. முகம் முழுக்க ஒரே நிறமாக இருக்கட்டும் என்றுதான் கேட்டான். அது ஒரு பேராசையா?

அவனுக்கு வேலை காசிமேட்டில். கரையேற்றிய இரும்புப் படகுகளில் துருப்பிடித்த தகட்டை வெட்டி எடுத்துவிட்டு, புதுத் தகட்டை வைத்து வெல்டிங் செய்கிறவன். ஐ.டி.ஐ. முடித்த நாளிலிருந்து அதுதான் பிழைப்பு. இந்தத் தொழிலுக்குப் புதிதாக வருகிறவர்களுக்கெல்லாம் கண் வீங்கும், இரவெல்லாம் மண்ணைக் கொட்டியதுபோல் எரியும். நிலவனுக்கு அது வந்ததே இல்லை. அதில் அவனுக்குக் கொஞ்சம் பெருமை. "வெளிச்சத்த பாக்கக் கூடாது. அவ்ளோதான மேட்டரு" என்று புதியவர்களிடம் அலட்சியமாகச் சொல்வான்.

தண்டையார்பேட்டையில் ஒரு துணிக்கடையில் ஷட்டரின் கைப்பிடி விட்டுப்போய், அதை ஒட்டிக் கொடுக்கப் போனான். அங்கே பில் போடுகிறவள் மகிழினி. ஒட்டிவிட்டு வந்தவன், அடுத்த வாரம், போட்ட வெல்டிங் நிற்கிறதா என்று பார்க்கப் போனான். அவன் போட்ட வெல்டிங் நிற்காமல் எங்கே போகும்? அதற்கடுத்த வாரமும் பார்க்கப் போனான். மகிழினிக்கு விஷயம் புரிய நான்காவது வாரம் தேவைப்படவில்லை. "ஷட்டர் நல்லாத்தான் கீது. நீ இன்னாத்துக்கு வந்த, அத்த சொல்லு" என்றாள். சொல்லிவிட்டான்.

அவளுக்கும் சம்மதம். அவன் வீட்டிலும் சரி என்றார்கள். மகிழினியின் வீட்டில் அம்மா மட்டும்தான். பெயர் கெங்கம்மா, திருவொற்றியூர்க்காரர். டிரெய்லர் லாரி ஓட்டிய கணவர் இறந்த பிறகு, பள்ளிக்கூடத்தில் சத்துணவு ஆக்கி மகளை வளர்த்தவர். தை மாதத்தில் ஒரு ஞாயிற்றுக்கிழமை நிலவன் அவர்கள் வீட்டுக்குப் போனான். கெங்கம்மா காபி கொடுத்தார், ஊர் விசாரித்தார், வேலை விசாரித்தார். பிறகு ட்யூப்லைட்டுக்கு நேராக அவனை உட்காரச் சொல்லி, முகத்தையே பார்த்தார்.

"தம்பி, கன்னத்துல அது இன்னா?"

"தெரியிலமா."

"பரவுதா?"

ஏதாவது ஒரு பொய்யைச் சொல்லித் தப்பித்திருக்கலாம். நம் ஆளுக்கு அது வராது. "போன வருசம் கண்ணாண்டதான் இருந்துச்சு. இப்போ தாடை வரிக்கும் வந்துகிச்சு" என்றான்.

கெங்கம்மாவின் முகம் மாறிவிட்டது. அவன் போனதும் மகளைக் கூப்பிட்டு உட்கார வைத்தார். "ஆளு நல்ல ஆளுதான். கொற சொல்ல மாட்டேன். ஆனா ஒரு பக்கமா பரவிகினே போற கருப்பு இன்னான்னே தெரியாம பொண்ண குடுக்க முடியாது. இன்னா வியாதியோ, நாளைக்கு பொறக்கற புள்ளைக்கும் வந்துச்சுன்னா? வைகாசி முடியட்டும். அது கொறஞ்சிதுன்னா ஆனில நிச்சயம். கொறையலன்னா நான் வேற எடம் பாத்துக்கறேன்."

ஒரு மனுஷனின் கல்யாணம் இப்படியாக அவனுடைய வலது கன்னத்தில் போய் மாட்டிக்கொண்டது.

அவனோடு வேலை செய்யும் ஜஹாங்கீர், தகடுகளுக்கு கிரைண்டிங் போடுகிறவன், சின்ன வயதிலிருந்தே தோஸ்து. அவன்தான் செல்போனில் எதையோ பார்த்துவிட்டு வந்து சொன்னான். "மாமு, நியாசினமைடுன்னு ஒரு சீரம் கீதாம். சொட்டு மருந்தாட்டம் பாட்டில்ல வரும். கரும்புள்ளிலாம் கொறையுமாம். சினிமாக்காரங்கோ அத்ததான் போட்டுக்கறாங்கோ."

ராயபுரத்தில் கல்மண்டபத்துப் பக்கம் இருக்கிற ஒரு மெடிக்கலுக்கு நிலவன் போனான். கவுன்டரில் இஷ்ரத் என்ற பெண் இருந்தாள், பார்மசி படித்தவள். சீரம் வேண்டும் என்று சொல்ல அவனுக்குக் கூச்சமாக இருந்தது.

"யாருக்கு அண்ணா?"

"தங்கச்சிக்கு."

இஷ்ரத் அவன் கன்னத்தை ஒரு பார்வை பார்த்தாள். "தங்கச்சிக்கும் வலது பக்கம்தானா?"

அவன் சிரித்துவிட்டான். அவளும் சிரித்தாள். பிறகு கண்ணாடி அலமாரியிலிருந்து வரிசையாக எடுத்து வைத்தாள். ஒன்றில் இரண்டு சதவீதம், ஒன்றில் ஐந்து, ஒன்றில் பத்து. ஒன்றில் துத்தநாகம் கலந்திருந்தது, இன்னொன்றில் வைட்டமின் சி. ஒரு பாட்டிலில் ஏழு பொருள்களின் பெயர் போட்டிருந்தது. கப்பல் சாமானில்கூட இத்தனை விதம் அவன் பார்த்ததில்லை. எதை எடுப்பது, ஏன் எடுப்பது, எதற்கு இத்தனை என்று ஒன்றும் புரியாமல் நின்றான்.

"இதுவே போதும் அண்ணா" என்று ஐந்து சதவீதத்தைத் தள்ளினாள். "ராத்திரி மூஞ்ச கழுவிட்டு ரெண்டு மூணு துளி. ரெண்டு கன்னத்துக்கும் போடுங்க. ஒரு வாரத்துல ஒன்னும் தெரியாது, ரெண்டு மூணு மாசம் ஆவும். நடுவுல பாட்டில மாத்தாதீங்க. அப்புறம், வெயில்ல வேலையா?"

"இல்லமா. நெழல்லதான். படகுக்கு அடியில குந்திகினு செய்யறது. வெயிலே படாது."

அதில் ஒரு சொல்லும் பொய்யில்லை. இருந்தாலும் அவள் சன்ஸ்கிரீன் ஒன்றை எடுத்து நீட்டினாள். நிழலில் இருக்கிறவனுக்கு எதற்கு அது என்று அவன் வேண்டாம் என்றுவிட்டான். தோல் டாக்டரையும் ஒரு தடவை பார்க்கச் சொன்னாள். பார்க்கிறேன் என்றான். நாமெல்லாரும் சொல்வதைப் போலத்தான் சொன்னான்.

மாசியும் பங்குனியும் சீரம் போட்டான். அந்த மாதங்களில் படகுகள் எல்லாம் கடலில் இருக்கும். சித்திரை பிறந்தால் மீன்பிடித் தடைக்காலம் வந்துவிடும், அதற்குள் பிடிக்கிற வரைக்கும் பிடிப்போம் என்று யாரும் படகைக் கரையேற்ற மாட்டார்கள். நிலவனுக்கு வெல்டிங் வேலை அவ்வளவாக இருக்காது. ஐஸ் ஏற்றப் போவான், பெயிண்ட் அடிக்கப் போவான். பங்குனி பாதியில் கண்ணாடி பார்த்தவன் கண்ணாடியைத் துடைத்துவிட்டு மறுபடியும் பார்த்தான். கழுத்துப் பக்கத்துக் கறுப்பு மங்கியிருந்தது. தாடையில் ஓரம் வெளுத்திருந்தது.

ஃபோட்டோ எடுத்து மகிழினிக்கு அனுப்பினான். அவள் உடனே கூப்பிட்டாள். "அய்யோ, மெய்யாலுமே கொறஞ்சிகீதுபா!" என்று கத்தினாள். அன்றைக்கு நிலவன் ஜஹாங்கீருக்கு பிரியாணி வாங்கிக் கொடுத்தான். நியாசினமைடு என்ற பெயரை மூன்று தடவை சொல்லிப் பார்த்தான், மூன்று தடவையும் வேறு வேறு மாதிரி வந்தது. ஆனி மாதத்தில் எந்தச் சட்டையைப் போட்டுக்கொள்வது என்று மனதுக்குள் ஓடியது. அந்தச் சந்தோஷத்தை யாரும் குறை சொல்ல முடியாது.

சித்திரை பிறந்தது. தடைக்காலம் தொடங்கியது. கடலில் இருந்த விசைப்படகுகள் மொத்தமும் காசிமேட்டுக்குத் திரும்பி வந்து ஒன்றோடொன்று இடித்துக்கொண்டு நின்றன. கரையேற்றுகிற இடத்தில் நிற்க வழியில்லை. ஒவ்வொரு படகுச் சொந்தக்காரரும் தன் படகைத்தான் முதலில் முடிக்க வேண்டும் என்று தலைமேல் ஏறி நின்றார். காலையில் வெல்டிங் ராடைப் பிடித்தால் இருட்டும் வரைக்கும் நிலவனுக்கு வேலை. சீரத்தை மட்டும் அவன் ஒரு ராத்திரியும் விடவில்லை.

இரண்டாவது வாரம் கண்ணாடியில் பார்த்தபோது கறுப்பு திரும்பி வந்திருந்தது. மூன்றாவது வாரம் பழைய இடத்தையும் தாண்டியிருந்தது. அதே பாட்டில், அதே துளி. போன மாதம் கேட்ட மருந்து இந்த மாதம் ஏன் கேட்கவில்லை?

இங்கேதான் நிலவன் ஒரு வெல்டர் செய்கிற தப்பைச் செய்தான். தகடு தடிமனாக இருந்தால் வெல்டிங் மெஷினில் கரண்ட்டைக் கூட்ட வேண்டும். அது அவன் கையில் ஊறிய கணக்கு. கறுப்பு தடித்துவிட்டது, ஐந்து போதவில்லை, அப்படியென்றால் கூட்டு. இஷ்ரத்திடம் போனால் திட்டுவாள் என்று தெரிந்து, வேறு கடையில் பத்து சதவீதம் வாங்கினான். அது போட்டும் கறுப்பு ஏறியது. ஜஹாங்கீர் செல்போனில் தேடி இருபது சதவீதம் ஒன்றை வரவழைத்தான். கூடவே வைட்டமின் சி, ஏதோ ஒரு ஆசிட். "எல்லாத்தையும் ஒன்னா சேத்து அடி மாமு, எதுனா ஒன்னு கேக்கும்" என்பது அவன் யோசனை.

ஜஹாங்கீரிடம் காரணங்களும் நிறைய இருந்தன. "நீ வலது பக்கமா ஒருக்களிச்சி படுக்கற. தலகாணி தேய்ச்சிதான் கருக்குது." நிலவன் இடது பக்கம் திரும்பிப் படுத்தான். கழுத்து பிடித்துக்கொண்டது. "அப்போ போனு. மகி கிட்ட மணிக்கணக்கா வலது காதுல வெச்சிகினுதான பேசற? சூடு." போனை இடது காதுக்கு மாற்றினான். அவள் பேசுவது யாரோ பேசுவது மாதிரி இருந்தது. எண்ணூர் அனல்மின் நிலையத்துச் சாம்பல் காற்று என்று டீக்கடையில் ஒருவர் சொன்னார். காற்று என்ன, வலது பக்கம் மட்டும் பார்த்து வீசுமா? கல்லீரல் வலது பக்கம்தான் இருக்கிறது என்று இன்னொருவர் சொல்லிவிட்டுப் போனார். அன்றைக்கு முழுக்க நிலவனுக்கு வயிற்றைத் தொட்டுப் பார்க்கிறதே வேலையாக இருந்தது.

ஒரு நாள் காலையில் முகம் முழுக்கச் சிவந்து, எரிந்து, மூக்கோரம் தோல் உரிந்தது. இரண்டு கன்னத்திலும்தான் எரிச்சல். ஆனால் கறுப்பு வலது பக்கம் மட்டும். வேறு வழியில்லாமல் இஷ்ரத்திடமே போய் எல்லாப் பாட்டிலையும் கவுன்டரில் வைத்தான்.

அவள் ஒவ்வொன்றாக எடுத்துப் பார்த்தாள். அவளுக்குக் கோபம் வந்துவிட்டது. "நான் இன்னா சொன்னேன், நீங்க இன்னா பண்ணி வெச்சிருக்கீங்க? அதிகமா போட்டா அதிகமா வேல செய்யும்னு யார் சொன்னது? எல்லாத்தையும் நிறுத்துங்க. மூஞ்சி ஆறட்டும். அப்புறம் பழைய அஞ்சு மட்டும்."

"சரிமா. திட்டிக்கோ. ஆனா ஒன்னே ஒன்னு சொல்லு" என்றான் நிலவன். "ரெண்டு கன்னத்துக்கும் அதே மருந்து. அதே தண்ணி. அதே சோப்பு. அப்புறம் ஏம்மா ஒரு பக்கம் மட்டும்?"

இஷ்ரத் அவன் முகத்தையே பார்த்தாள். "எனக்கும் புரியல அண்ணா" என்றாள். "இது வெயில் பட்டு வர்ற மாதிரிதான் இருக்கு. நீங்க வெயிலே படாதுன்றீங்க. தயவு பண்ணி டாக்டர பாருங்க." அவன் தலையாட்டினான். தடைக்காலத்தில் ஒரு நாள் லீவு கேட்டால் படகுக்காரர்கள் சும்மா விடுவார்களா என்று யோசித்துக்கொண்டே வெளியே வந்தான்.

வைகாசி கடைசி வாரம் மகிழினி கூப்பிட்டாள். எடுத்ததும் அழுதாள். "மணலி பக்கத்துல ஒரு பையனாம். அம்மா ஜாதகம் வாங்கிகினு வந்துட்டாங்க. நான் சாப்புடாம கெடக்கறேன். நீ இன்னாதான்பா பண்ற அந்த கன்னத்த? கொறஞ்சிது, கொறஞ்சிதுன்ன. இப்போ போட்டோவே அனுப்ப மாட்டேன்ற."

"ஒன்னியும் புரில மகி" என்றான். அன்றைக்கு அவனும் அழுதான். பாட்டிலைச் சுவரில் விட்டெறியலாம் என்று கையை ஓங்கினான், பிறகு மனசு கேட்காமல் அலமாரியிலேயே வைத்தான்.

இரண்டு நாள் கழித்து, நல்ல உச்சிவேளையில், ஒரு பெரிய படகின் அடிவயிற்றுக்குக் கீழே நிலவன் உட்கார்ந்திருந்தான். அங்கே வெளிச்சம் குறைவு. புதுத் தகட்டை அதன் இடத்தில் பொருத்தி, முழுசாக வெல்டிங் போடுவதற்கு முன்னால், அங்கங்கே சின்னச் சின்னப் புள்ளியாகப் பற்றவைத்து நிறுத்த வேண்டும். டேக் அடிப்பது என்பார்கள். ஜஹாங்கீர் டீ வாங்கப் போயிருந்தான். தகட்டை இடது கையால் தாங்கிக்கொள்ள வேண்டும், வலது கையில் ராடு. முகத்தை மறைக்கிற ஷீல்டைப் பிடிக்க மூன்றாவது கைக்கு எங்கே போவது? எல்லாரும் செய்வதைத்தான் நிலவன் செய்தான். கண்ணை இறுக மூடினான், முகத்தை இடது பக்கம் திருப்பிக்கொண்டான், ராடைத் தட்டினான். சட் என்று பொறி பறந்து ஒரு புள்ளி ஒட்டியது. ராடை நகர்த்தினான். மூடினான், திருப்பினான், தட்டினான்.

கண்ணைத் திறந்தபோது படகின் நிழலுக்கு வெளியே இரண்டு கால்கள் நின்றுகொண்டிருந்தன. குனிந்து பார்த்தான். கெங்கம்மா.

பள்ளிக்கூடத்துக்கு இன்னும் கோடை விடுமுறை முடியவில்லை. மாப்பிள்ளையாக வரப்போகிறவனைப் பற்றி அவன் வேலை செய்யும் இடத்தில் போய் விசாரிப்பது பெண்ணைப் பெற்றவர்கள் செய்கிற காரியம்தான். அவனை வேண்டாம் என்று சொல்வதற்கு முன்னால் ஒரு தடவை விசாரித்துவிடுவோம் என்று மகளின் பட்டினிக்காக வந்திருந்தார். எவ்வளவு நேரமாக நிற்கிறாரோ, தெரியவில்லை. நிலவன் தன் கோலத்தை நினைத்துப் பார்த்தான். அழுக்குச் சட்டை, உரிந்த மூக்கு, கறுத்த கன்னம். வேண்டாம் என்று சொல்ல இதைவிட நல்ல நேரம் கிடைக்காது என்று நினைத்தான்.

"தம்பி, இன்னொரு தபா அடி."

"இன்னாமா?"

"இப்போ அடிச்சியே, அதே மாரி இன்னொரு தபா அடி."

"பாக்காதீங்கமா, கண்ணு போயிடும்."

"நான் அத்த பாக்கல. உன்னிய பாக்கறேன்." முந்தானையை நெற்றிக்கு இறக்கி, பொறி பறக்கும் இடம் தெரியாதபடி கையால் மறைத்துக்கொண்டார்.

அவனுக்குத் தலையும் புரியவில்லை, வாலும் புரியவில்லை. பெரியவர் சொல்கிறார், அடித்தான். கண்ணை மூடி, முகத்தை இடது பக்கம் திருப்பி. கெங்கம்மா அவனைச் சுற்றி நடந்து மறுபக்கம் போனார். "இன்னொன்னு" என்றார். அடித்தான். கண்ணைத் திறந்தபோது அவர் அவன் பக்கத்திலேயே தரையில் உட்கார்ந்திருந்தார். கரி படிந்த கை என்று பார்க்காமல், அவன் வலது கையைப் பிடித்து இழுத்து, கையுறையைக் கழற்றினார். கையுறை முடிகிற இடத்தில் கோடு போட்டதுபோல் நிறம் மாறியிருந்தது. கோட்டுக்கு மேலே கறுப்பு.

"இது எப்படி வந்துச்சு?"

"அது வெல்டிங் வெளிச்சம் பட்டும்மா. எல்லாருக்கும் இருக்கும்" என்று சாதாரணமாகச் சொன்னான்.

சொல்லி முடித்ததும் வாய் அப்படியே நின்றது. கை தானாகக் கன்னத்துக்குப் போனது. கண்ணை மூடிக்கொண்டால் தப்பித்தோம் என்று இத்தனை வருஷம் இருந்திருக்கிறான். கண் தப்பித்தது. வெளிச்சத்துக்கு நேராகத் திருப்பி வைத்த கன்னம் எங்கே தப்பிக்கும்? வெயில்ல வேலையா என்று இஷ்ரத் கேட்டதும், நிழலில்தான் என்று அவன் மார்தட்டியதும் ஞாபகம் வந்தது. படகுகள் கடலில் இருந்தபோது குறைந்தது, கரைக்கு வந்ததும் ஏறியது. தலைகாணி, போன், சாம்பல், கல்லீரல்! தன்னையே ஒரு அறை அறைந்துகொள்ளலாம் போலிருந்தது. அறைந்தால் அதுவும் வலது பக்கம்தான் விழும்.

கெங்கம்மா அவன் கையை விடவில்லை.

"எங்க வூட்டுக்காரரு டிரெய்லர் ஓட்டுனாரு, மகி சொல்லியிருக்கும். ஆர்பர் கேட்டாண்ட வண்டி நாள் கணக்குல லைன்ல நிக்கும். வலது கைய ஜன்னல் மேல வெச்சிகினே குந்திகினு இருப்பாரு. அந்த ஒரு கை மட்டும் கருகிப் போயி, இடது கை வேற ஆளுதாட்டம் இருக்கும். நான் கிண்டல் பண்ணுவேன். கடைசியா குளிப்பாட்டி ரெண்டு கையயும் ஒன்னா சேத்து மார் மேல வெச்சாங்க பாரு. அது வரிக்கும் எனக்கு அழுகையே வரல. அத்த பாத்துதான் வந்துச்சு." அவன் கையைத் திருப்பிப் பார்த்தார். "அத்த நான் ஒரு நாளும் வியாதின்னு சொன்னதில்ல. உன்னிய சொல்லிட்டேன்."

நிலவன் வாயில் முதலில் வந்ததைக் கேட்டுவிட்டான். "அப்போ அந்த சீரம்மா?"

"அது இன்னா பாவம் பண்ணுச்சு? பகலெல்லாம் நீ கருக்கிகினே இருந்தா, ராத்திரில அது ஒண்டியா இன்னா பண்ணும்? போட்டுக்கோ. மகி சொல்லுச்சே, அந்த மருந்து கடை பொண்ணு, அது எது குடுத்துச்சோ அத்த மட்டும் போட்டுக்கோ. டாக்டராண்டயும் போய்ட்டு வா." பக்கத்தில் கிடந்த ஷீல்டைப் பார்த்தார். "இது இன்னாத்துக்கு கீது? கண்காட்சிக்கா?"

"டேக் அடிக்கும்போது தகட்ட புடிக்க கை வேணும்மா. ஜஹாங்கீரு டீ வாங்கப் போய்கிறான்."

கெங்கம்மா படகின் அடியில் இன்னும் கொஞ்சம் நகர்ந்து வந்தார். அவனுடைய இன்னொரு ஜோடி கையுறையை எடுத்து மாட்டிக்கொண்டார். முந்தானையை முகத்தில் இரண்டு சுற்று சுற்றி, தலையை முழுசாக அந்தப் பக்கம் திருப்பிக்கொண்டு, இரண்டு கையாலும் தகட்டைத் தாங்கிப் பிடித்தார். நிலவனின் இடது கை சும்மா ஆனது. ஷீல்டை எடுத்து முகத்துக்கு நேராகப் பிடித்தான். கண்ணாடிக்குப் பின்னால் எல்லாம் கறுப்பாகத் தெரிந்தது. கண் கலங்கியிருந்ததால் அதுவும் சரியாகத் தெரியவில்லை.

முந்தானைக்குள்ளிருந்து குரல் வந்தது.

"மூஞ்சிய நல்லா மூடிகினீங்களா? ஆங், அடிங்க மாப்ள."